மேல்வரிசையில் நாலு பல்

அருங்காட்சியகத்தின் அடித்தளத்தில் எலும்பு அறை என்று ஓர் அறை இருந்தது. பதினாறு வருடமாக அவளுக்கு அங்கேதான் வேலை. செத்த விலங்கின் தலை வந்தால் வெந்நீர்த் தொட்டியில் ஊறப்போடுவாள். சதை கழன்றதும் பழைய பல்துலக்கும் பிரஷால் தேய்த்துக் காயவைப்பாள். என்ன குடும்பம், என்ன இனம் என்று பார்த்து, எலும்பின் மேலேயே கறுப்பு மையில் எண் எழுதி இழுப்பறையில் வைப்பாள். அண்ணன் அவளை எலும்பி என்றுதான் கூப்பிடுவான். கூப்பிட்டுக் கூப்பிட்டு அண்ணியும் அப்படியே கூப்பிட ஆரம்பித்திருந்தாள்.

அண்ணனுக்கு அதே ஊர் மிருகக்காட்சிசாலையில் வேலை. கரடிக் கூண்டு அவன் பொறுப்பு. உயிரோடு இருக்கும்வரை கரடி தன்னிடம், செத்தால் தங்கச்சியிடம், நம் குடும்பம் இல்லாவிட்டால் கரடிக் குடும்பத்துக்கு நாதியே இல்லை என்று வருகிறவர் போகிறவரிடமெல்லாம் சொல்லுவான்.

எலும்பு அறையில் கரடிக் குடும்பத்துக்குத் தனி அலமாரி. உலகத்தில் இப்போது இருக்கும் கரடி இனங்கள் எட்டு. அலமாரியிலும் எட்டு இழுப்பறை. பழுப்புக் கரடி, பனிக்கரடி, அமெரிக்கக் கருங்கரடி, ஆசியக் கருங்கரடி, சூரியக் கரடி, தேன்கரடி, கண்ணாடிக் கரடி, பாண்டா. பாண்டா கரடியா இல்லையா என்று அறிஞர்கள் பல காலம் அடித்துக்கொண்டு, கடைசியில் மரபணுவைப் பார்த்துத்தான் குடும்பத்தில் சேர்த்தார்கள் என்று அவள் ஒருமுறை சொன்னபோது, அப்படியானால் நம் சித்தப்பாவையும் ஒரு விண்ணப்பம் போடச் சொல்லலாமே, முதுகைப் பார்த்தாலே சேர்த்துக்கொள்வார்களே என்றான் அண்ணன். அண்ணிக்குச் சிரித்துச் சிரித்துப் புரையேறிப் போனது.

அண்ணனின் கூண்டில் பல வருடங்களாக இருந்தது ஒரே கரடி. கிழட்டுத் தேன்கரடி. வித்தை காட்டுகிறவர்களிடமிருந்து பறிமுதல் செய்து கொண்டுவந்தது. அண்ணன் அதைத் தாத்தா என்பான். சாதுவான பிராணி. அதற்கு ஒற்றை இரும்புக் கதவும் ஒற்றைத் தாழ்ப்பாளும் போதுமானதாக இருந்தன. பக்கத்துக் கூண்டு காலி. இரண்டு கூண்டுக்கும் பொதுவாக ஒரு குறுகலான நடைவழி. அதில் நின்றுதான் கழுவுவதும் தீனி வைப்பதும்.

அந்த வருடத் தொடக்கத்தில் யாரோ ஒரு பணக்காரர் தோட்டத்தில் வளர்த்த கரடியைப் பிடித்து வந்து காலிக் கூண்டில் விட்டார்கள். சரியான காகிதம் எதுவும் கூட வரவில்லை. கண்காணிப்பாளர் அதைத் தேன்கரடி என்றே பதிவேட்டில் சேர்க்கப் பார்த்தார். அந்த மிருகக்காட்சிசாலைக்குத் தேன்கரடி வைத்துக்கொள்ளத்தான் அனுமதி இருந்தது. வேறு இனம் என்றால் தனி அனுமதி வாங்க வேண்டும், இரட்டைக் கதவு போட வேண்டும், உள்ளே போகும்போதெல்லாம் இரண்டு ஆள் நிற்க வேண்டும்.

அண்ணனுக்கு மனசு ஒப்பவில்லை. தங்கைக்குப் போன் போட்டான்.

அவளுக்கு அது கணக்கெடுப்பு வாரம். ஸ்டூல் மேல் நின்று, ஒரு கையில் மான் கொம்பும் கழுத்துக்கும் தோளுக்கும் நடுவில் போனுமாகப் பேசினாள்.

"காது பெருசா, வட்டமா நிக்குது எலும்பி. தாத்தாவுக்கு மாதிரி மூக்கு நீளமா இல்ல."

"நெஞ்சுல வெள்ளையா வளைவு இருக்கா?"

"இருக்கு."

"அப்ப தேன்கரடிதான். வயசுக்குத் தகுந்த மாதிரி காது, மூக்கு எல்லாம் கொஞ்சம் மாறும்."

"நீ ஒருதடவை வந்து பாத்துட்டா நல்லா இருக்கும்."

"ஞாயித்துக்கிழமை வரேண்ணே."

நெஞ்சில் வெள்ளை வளைவு தேன்கரடிக்கும் உண்டு, ஆசியக் கருங்கரடிக்கும் உண்டு. அவளுக்கு அது தெரியாமல் இல்லை. நகம் என்ன நிறம், எவ்வளவு நீளம் என்று ஒரு கேள்வி கேட்டிருந்தால் போதும். தேன்கரடிக்கு நகம் நீளமாக, தந்த நிறத்தில் இருக்கும். மற்றதற்குக் குட்டையாக, கறுப்பாக. கேட்கவில்லை. அந்த ஞாயிறும் போகவில்லை, அடுத்த ஞாயிறும் போகவில்லை. காரணம் என்று சொல்லிக்கொள்ளும்படி ஒன்றும் இல்லை. அண்ணனும் அதன்பிறகு அந்தப் பேச்சை எடுக்கவில்லை. தங்கச்சி சொல்லிவிட்டால் அவனுக்கு அதற்கு மேல் அப்பீல் இல்லை.

ஐந்து மாதம் கழித்து ஒரு காலை எட்டரை மணிக்கு அண்ணன் நடைவழியில் செத்துக் கிடந்தான்.

பார்த்தவர்கள் யாரும் இல்லை. தண்ணீர்க் குழாய் மூடாமல் ஓடிக்கொண்டே இருந்ததைக் கேட்டுத் தோட்டக்காரர்தான் முதலில் போனார். இரண்டு கூண்டின் கதவுகளும் திறந்திருந்தன. புதிய கரடி தன் கூண்டின் மூலையில் இருந்தது. கிழட்டுக் கரடி மட்டும் வெளியே வந்து அண்ணன் பக்கத்தில் உட்கார்ந்து அவன் முகத்தை முகர்ந்துகொண்டிருந்தது. அதன் மூக்கிலும் கையிலும் ரத்தம். கண்காணிப்பாளர் வந்தார், பார்த்தார், துப்பாக்கிக்காரரைக் கூப்பிட்டார். அரை மணி நேரத்துக்குள் தாத்தாவைச் சுட்டாகிவிட்டது. சுடும்போதும் அது எழுந்திருக்கவில்லை என்று தோட்டக்காரர் பின்னால் சொன்னார். சாதுவாச்சே என்று நம்பித் தாழ்ப்பாளைச் சரியாகப் போடாமல் உள்ளே போனது பராமரிப்பாளரின் கவனக்குறைவு என்று கண்காணிப்பாளர் எழுதினார்.

பிணவறையில் அடையாளம் காட்டப் போனது தங்கைதான். அண்ணியால் முடியவில்லை. துணியை விலக்கியபோது அவள் முகத்தைப் பார்த்தாள், தலையாட்டினாள். பிறகு இடது தோளைப் பார்த்தாள். முன்பக்கம் இரண்டு ஆழமான துளை. இரண்டுக்கும் நடுவில் வரிசையாகச் சின்னப் பள்ளங்கள். பதினாறு வருடப் பழக்கம், கண் தானாக எண்ணியது. ஆறு. உதவியாளர் உடம்பைக் கொஞ்சம் திருப்பியபோது பின்பக்கமும் அதே மாதிரி ஆறு. கூடப் பிறந்தவன் கிடக்கிறான், நான் பல்லை எண்ணிக்கொண்டு நிற்கிறேனே என்று அவளுக்குத் தன்மேலேயே அருவருப்பு வந்தது.

ஒரு மாதம் கழித்து வேலைக்குத் திரும்பினாள். குளிர்பெட்டியில் கரடித் தலை வந்து காத்திருந்தது. மிருகக்காட்சிசாலையில் எது செத்தாலும் தலை அருங்காட்சியகத்துக்கு வருவது வழக்கம். துறைத் தலைவர் தயங்கித் தயங்கி, இதை வேறு யாரிடமாவது கொடுத்துவிடுகிறேனே என்றார். தானே செய்வதாக அவள் சொல்லிவிட்டாள். என்ன நினைத்து அப்படிச் சொன்னாள் என்று அவளுக்கே தெரியாது. அண்ணனைக் கொன்றது எது என்று கிட்டத்தில் பார்க்க வேண்டும் போல் இருந்திருக்கலாம்.

இதற்குள் அண்ணிக்கும் வேலை கிடைத்திருந்தது. செத்தவரின் மனைவி என்று இரக்கப்பட்டு, மிருகக்காட்சிசாலையிலேயே தீனி அறையில் போட்டிருந்தார்கள். பழம் வெட்டுவது, ரொட்டியும் கஞ்சியும் வாளியில் அளந்து போடுவது, கூண்டுகளுக்குக் கொண்டுபோய் வைப்பது. முதல் நாள் வேலை முடிந்து வந்து, அங்கே இன்னொரு கரடி இருக்கிறதே, துணை இல்லாமல் அது ஒண்டியாகிவிட்டது, பாவம் என்றாள் அண்ணி. அவள் குணம் அப்படி.

தலையைத் தொட்டியில் போடுவதற்கு முன் உதடுகளை விலக்கி வெட்ட வேண்டும். தேன்கரடிக்கு உதடு நீளமாகத் தொங்கும். கரையானையும் கஞ்சியையும் உறிஞ்சித்தான் தின்னும், அதனால் வாய்க்குள் என்ன இருக்கிறது என்று வெளியிலிருந்து தெரியாது. அவள் உதட்டை விலக்கிப் பார்த்துவிட்டு, கத்தியைக் கீழே வைத்தாள்.

கோரைப்பல் இல்லை. மேலே இரண்டும் இல்லை, கீழே இரண்டும் இல்லை. இப்போது விழுந்ததல்ல, யாரோ எப்போதோ தட்டி உடைத்து எடுத்து, பள்ளம் எலும்பால் மூடி வழுவழுப்பாக ஆறிப்போயிருந்தது. மூக்கெலும்பில் கயிறு கோத்த ஓட்டை. அதுவும் ஆறியது. வித்தைக்காரர்கள் செய்திருக்க வேண்டும்.

அவள் மேல்வரிசை முன்பற்களை எண்ணினாள். நாலு. இருக்க வேண்டியது அவ்வளவுதான். மற்ற ஏழு கரடிகளுக்கும் மேலே ஆறு; தேன்கரடிக்கு மட்டும் நடுவில் இரண்டு கிடையாது. அந்தச் சந்து வழியாகத்தான் அது உறிஞ்சும்.

அண்ணன் தோளில் முன்னும் பின்னும் ஆறாறு. இரண்டு பக்கமும் கோரைப்பல் இறங்கிய துளை.

அவள் ஸ்டூலில் உட்கார்ந்தாள். காது பெருசா, வட்டமா நிக்குது என்று அண்ணன் சொன்னது அப்போதுதான் அவளுக்கு முழுசாகக் கேட்டது. அதற்கடுத்த நினைப்பாக அண்ணியின் வாளி வந்தது. மணியைப் பார்த்தாள். பதினொன்றே கால். தீனி வைக்கும் நேரம் பன்னிரண்டு. கையுறையைக் கழற்றி எறிந்துவிட்டு, யாரிடமும் சொல்லாமல் வெளியே ஓடினாள்.

பேருந்து கிடைத்து, இறங்கி, பின்வாசல் வழியாக உள்ளே போகும்போது பன்னிரண்டு ஆக ஐந்து நிமிடம். அண்ணி நடைவழிக்குள் இருந்தாள். வாளியைக் கம்பிக்குக் கீழே இருந்த சந்து வழியாகத் தள்ளிக்கொண்டிருந்தாள். கம்பிக்கு அந்தப் பக்கம் கரடி எழுந்து நின்றது. ஆள் உயரம். வட்டக் காதுகள், பிறை போல வெள்ளை வளைவு, கம்பியைப் பிடித்திருந்த குட்டையான கறுப்பு நகங்கள். ஒரு பார்வை போதுமாயிருந்தது. ஆறு மாதத்துக்கு முன்னாலும் அந்த ஒரு பார்வை போதுமாயிருந்திருக்கும்.

அவள் சத்தம் போடவில்லை. "அண்ணி, வாளிய அப்படியே விட்டுட்டு மெதுவா வாங்க" என்றாள். அண்ணி திரும்பிப் பார்த்து, இவள் முகத்தைப் பார்த்துவிட்டு, ஒன்றும் கேட்காமல் வந்தாள். கதவில் அதே ஒற்றைத் தாழ்ப்பாள்தான். அது உள்ளிருந்தே தூக்கிவிடக்கூடியதாக இருப்பதை அவள் விரலால் தூக்கிப் பார்த்துத் தெரிந்துகொண்டாள். அங்கே கிடந்த சங்கிலியை எடுத்து இரண்டு சுற்றுச் சுற்றிக் கட்டினாள். அண்ணியைத் தீனி அறையில் இருக்கச் சொல்லிவிட்டுக் கண்காணிப்பாளரிடம் போனாள்.

அவர் மரியாதையாகத்தான் உட்காரச் சொன்னார். அவள் சொன்னதையெல்லாம் குறுக்கே பேசாமல் கேட்டார். தானமாக வந்த மாட்டைப் பல்லைப் பிடித்துப் பார்த்த மாதிரி, கொடுத்த தலையில் போய்ப் பல்லை எண்ணியிருக்கிறீர்களே என்று ஒரு மாதிரியாகச் சிரித்தார். அவள் சிரிக்கவில்லை என்றதும் எழுந்து பதிவேட்டை எடுத்து அவள் முன்னால் விரித்து, ஒரு வரியில் விரலை வைத்தார்.

தேன்கரடி, பெண், வயது சுமார் ஏழு. இனம் அருங்காட்சியக எலும்புப் பிரிவு நிபுணரால் உறுதி செய்யப்பட்டது. கீழே தேதி. அவள் ஸ்டூல் மேல் நின்று பேசிய நாளுக்கு மறுநாள்.

"உங்கண்ணன்தான் வந்து சொன்னாரு. தங்கச்சி சொல்லிட்டா, இனி எனக்குச் சந்தேகம் இல்லைன்னு. அதுவரைக்கும் இரட்டைக் கதவு கேட்டு என் உயிரை எடுத்துக்கிட்டிருந்தாரு."

அவள் அந்த வரியை மறுபடியும் படித்தாள்.

"நீங்க பேசினா முதல்ல உங்க தலைதாம்மா உருளும். அப்புறம்தான் என்னோடது. உங்க அண்ணியோட வேலையும் இருக்கு. யோசிச்சுக்குங்க" என்றார். மிரட்டுகிற குரல் இல்லை. வேண்டியவர்களுக்குப் புத்தி சொல்கிற குரல்.

அந்த மனிதருக்கு உண்மை முன்பே தெரியுமா என்று அவள் பின்னால் எத்தனையோ முறை யோசித்தாள். தெரிந்தே கிழட்டுக் கரடியைச் சுடச் சொன்னாரா, இல்லை ரத்தத்தைப் பார்த்ததும் தோன்றியதைச் செய்துவிட்டு, பிறகு அதுவே வசதியாக இருக்கிறது என்று விட்டுவிட்டாரா? அவர் முகத்தில் எதுவும் எழுதியிருக்கவில்லை. பார்த்தால் பேரப்பிள்ளை உள்ள, சர்க்கரை வியாதிக்காரரான, ஓய்வுபெற இரண்டு வருடம் இருக்கிற ஒரு மனிதர்.

தீனி அறையில் அண்ணி வாழைப்பழம் உரித்துக்கொண்டிருந்தாள். இவள் கதவைச் சாத்திவிட்டு, பக்கத்தில் உட்கார்ந்து, தோளிலிருந்து ஆரம்பித்துச் சொன்னாள். தாத்தாவுக்குக் கோரைப்பல்லே இல்லை என்பதைச் சொன்னபோது, ரொட்டியைக் கஞ்சியில் ஊறவைத்தே அதற்குக் கொடுப்பேன் என்று அவர் சொல்வார், அதனால்தானா, ஏன் என்று நான் கேட்டதே இல்லை என்றாள் அண்ணி. கடித்தது மற்றக் கரடி என்று சொன்னதும் அண்ணி பாதி உரித்த பழத்தைக் கீழே வைத்தாள்.

"பதினோரு நாளா நான் என் கையால அதுக்குச் சோறு வெக்கறேன்."

"ஆமா அண்ணி."

"தனியாப் போச்சேன்னு கூட ரெண்டு பழம் போட்டேன்."

இன்னும் ஒன்று சொல்ல வேண்டியிருந்தது. போன் விஷயத்தை அவள் ஒளிக்காமல் சொன்னாள். கணக்கெடுப்பு வாரம் என்று ஆரம்பித்தவள், அது சாக்கு என்று தனக்கே பட்டதும் அதை விட்டுவிட்டு, நெஞ்சில் வளைவு இருக்கிறதா என்று மட்டும் கேட்டேன், தப்பாகச் சொல்லிவிட்டேன், வருகிறேன் என்று சொல்லி வரவில்லை என்றாள். பதிவேட்டில் எழுதியிருப்பதையும் சொன்னாள்.

அண்ணி பழத்தோலை எடுத்துக் கூடையில் போட்டாள். கத்தியைக் கழுவினாள்.

"தெரியும். அவரு போன் பேசறப்ப நான் பக்கத்துலதான் இருந்தேன். வெச்சிட்டு என்ன சொன்னாரு தெரியுமா? இன்னிக்குத்தான் நிம்மதியாத் தூங்குவேன்னாரு."

கத்தியைத் துடைத்துப் பலகை மேல் வைத்தாள்.

"நீ ஒரு நடை வந்திருக்கலாம் எலும்பி" என்றாள் அண்ணி. கோபமாகச் சொல்லவில்லை. கோபமாகச் சொல்லியிருந்தால் தாங்கியிருக்கலாம்.

அன்று மாலையே அவள் துறைத் தலைவரிடம் எழுதிக் கொடுத்தாள். மூன்று பக்கம். தலையில் கண்டது, பிணவறையில் கண்டது, கூண்டில் கண்டது, கடைசியாகப் போனில் தான் சொன்னது. கடைசிப் பத்தியைத் துறைத் தலைவர் இரண்டு முறை படித்துவிட்டு, இது அவசியமில்லையே, இது இல்லாமலேயே விஷயம் நிற்குமே என்றார். அவள் மேல் அவருக்கு உண்மையிலேயே அக்கறை. அவளுக்கும் ஒரு நிமிடம் ஆசையாகத்தான் இருந்தது. ஆனால் அதை எடுத்துவிட்டால் அண்ணன் ஏன் இரட்டைக் கதவு கேட்பதை நிறுத்தினான் என்பதற்குக் காரணம் இல்லாமல் போகும். கவனக்குறைவு என்ற சொல் அவன் தலையிலேயே நிற்கும். அப்படியே இருக்கட்டும் என்றாள்.

விசாரணை நடந்தது. பிணவறை மருத்துவரின் புகைப்படங்களையும் மண்டையோட்டையும் ஒரே மேசையில் வைத்து விசாரணை அதிகாரி பார்த்தார். புதிய கரடிக்கு மயக்க ஊசி போட்டு வாயைத் திறந்து அளந்தார்கள். கோரைப்பல்லின் அகலம் தோளில் இருந்த துளைகளோடு பொருந்தியது. ரத்தத்தையும் அனுப்பிப் பார்த்தார்கள். ஆசியக் கருங்கரடி என்று வந்தது. அண்ணன் தாத்தாவின் கூண்டைத் திறந்து கழுவிக்கொண்டிருந்தபோது புதியது தாழ்ப்பாளை உள்ளிருந்து தூக்கி வெளியே வந்திருக்க வேண்டும் என்பதும் பதிவாயிற்று. அண்ணனின் பெயரிலிருந்து கவனக்குறைவு நீங்கியது.

கண்காணிப்பாளரை வேறு அலுவலகத்துக்கு மாற்றினார்கள். அங்கே விலங்குகள் இல்லை, கோப்புகள் மட்டும்தான் என்று கேள்வி. அவளுக்கு எழுத்து மூலம் கண்டனம் வந்தது. இனி இனம் கண்டு சான்று சொல்லக்கூடாது, எலும்புகளைச் சுத்தம் செய்வதோடு சரி என்று உத்தரவு. அவள் கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டாள். இதற்குக் குறைவாக ஏதாவது வந்திருந்தால் அவளுக்குத் தூக்கம் வந்திருக்காது. இப்போதும் பெரிதாக வரவில்லை.

அண்ணியின் வேலைக்கு யாரும் கை வைக்கவில்லை. அவளாகவே விட்டுவிட்டாள். வேறு ஊரில் இருக்கும் தன் அக்காவிடம் போய் இருப்பதாகச் சொன்னாள்.

கருங்கரடியை இரட்டைக் கதவும் பெரிய வெளியும் உள்ள வேறோர் இடத்துக்கு ஏற்றி அனுப்பிய அன்று காலை அண்ணி வந்திருந்தாள். ஊருக்குக் கிளம்பத் தயாராகத் தோளில் பை மாட்டியிருந்தாள். இரும்புப் பெட்டியை லாரியில் ஏற்றும்போது உள்ளிருந்து பெருமூச்சு மாதிரி ஒரு சத்தம் வந்தது. ஏற்றுகிறவர்கள் நகர்ந்து நின்றார்கள். அண்ணி நகரவில்லை. காற்றோட்டத்துக்கு விட்டிருந்த கம்பிச் சந்து வழியாக உள்ளே பார்த்தாள். தங்கை இரண்டடி தள்ளி நின்றாள். இருவரும் பேசி மூன்று வாரம் ஆகியிருந்தது.

"இதுக்கு என்ன பேரு?" என்றாள் அண்ணி, திரும்பாமல்.

"ஆசியக் கருங்கரடி."

"இப்பச் சரியாத்தான் சொல்றியா?"

"சரியாத்தான் சொல்றேன் அண்ணி."

அண்ணி அந்தப் பெயரை வாய்க்குள் ஒருமுறை சொல்லிப் பார்த்துக்கொண்டாள். லாரி கிளம்பியது. புகை அடங்கும்வரை இருவரும் அங்கேயே நின்றார்கள். பிறகு அண்ணி பையைத் தோளில் சரிசெய்துகொண்டு வாசலை நோக்கி நடந்தாள். பேருந்து நிறுத்தம்வரை கூட வரட்டுமா என்று தங்கை கேட்டாள். வேண்டாம், வழி தெரியும் என்றாள் அண்ணி.